அளந்து பார்த்துவிட்டுக் கையெழுத்திடுங்கள்

தமிழ்நாட்டின் மாவட்ட ஆட்சியர்களுக்கும், மாநகரக் காவல் ஆணையர்களுக்கும், அவர்கள் சார்பில் கோப்புகளைப் பரிசீலிக்கும் மாவட்ட வருவாய் அலுவலர்களுக்கும்,



ஒரு பெட்ரோல் பங்க் அமைவதற்குப் பல அலுவலகங்களின் ஒப்புதல் வேண்டும். எண்ணெய் நிறுவனம் இடத்தைத் தேர்ந்தெடுக்கிறது. நெடுஞ்சாலைத் துறை சாலையிலிருந்து வழி தருகிறது. தீயணைப்புத் துறை, காவல் துறை, உள்ளாட்சி அமைப்பு, வட்டாட்சியர் என்று ஆளுக்கொரு அறிக்கை வருகிறது. நாக்பூரைத் தலைமையிடமாகக் கொண்ட பெசோ என்கிற வெடிபொருள் பாதுகாப்பு அமைப்பு கடைசியில் உரிமம் கொடுக்கிறது. இத்தனை பேர் இருந்தும், இந்த இடத்தில் பங்க் வரலாமா கூடாதா என்ற கேள்வியைச் சுற்றியிருக்கும் மக்களுக்காகக் கேட்க வேண்டியவர் நீங்கள் ஒருவர்தான். 2002ஆம் ஆண்டின் பெட்ரோலிய விதிகளில் 144ஆம் விதி அந்தப் பொறுப்பை மாவட்ட அதிகாரியிடம் கொடுத்திருக்கிறது. காவல் ஆணையர் உள்ள நகரங்களில் ஆணையர், மற்ற இடங்களில் ஆட்சியர். விசாரணை நடத்தி, மூன்று மாதத்துக்குள் தடையில்லாச் சான்று தர வேண்டும் அல்லது மறுக்க வேண்டும். மறுக்கும் அதிகாரத்தையும் சட்டம் அதே வரியில்தான் வைத்திருக்கிறது. அந்த அதிகாரத்தைப் பற்றித்தான் இந்த மடல்.

சான்று வழங்குவதை அலுவலக நடைமுறைகளில் ஒன்றாக நீங்கள் கருதிவிடக் கூடாது. ஏனென்றால் இந்த வாய்ப்பு இரண்டாவது முறை வருவதில்லை. கொடுத்த சான்றை ரத்து செய்வதைப் பற்றி 150ஆம் விதி பேசுகிறது. உரிமம் பெற்றவர் அந்த நிலத்தைப் பயன்படுத்தும் உரிமையை இழந்துவிட்டார் என்று தெரிந்தால் ரத்து செய்யலாம் என்பதே அதன் சாரம். பக்கத்தில் பள்ளிக்கூடம் இருப்பதை அன்று யாரும் கவனிக்கவில்லை என்று பிறகு தெரிய வந்தால், அதற்கு அந்த விதியில் இடமில்லை. அதற்குள் குழி தோண்டி, இருபதாயிரம் லிட்டர் கொள்ளும் தொட்டிகளை இறக்கி, மேலே கான்கிரீட் போட்டு, கூரை நிறுத்தியிருப்பார்கள். டீலர் வாங்கிய வங்கிக் கடனுக்கு வட்டி ஓடிக்கொண்டிருக்கும். தாமதமாக விழித்து நீதிமன்றம் போகும் ஊர்மக்களுக்கு எதிராக, போட்ட பணமே வாதமாக நிற்கும். ஆரம்பத்திலேயே மறுத்தால் விண்ணப்பதாரருக்குப் போவது விண்ணப்பச் செலவு மட்டுமே, வேறு இடம் பார்த்துக்கொள்வார். பங்க் எழுந்த பிறகு மறுப்பது யாருக்கும் நியாயமாக இருக்காது. ஆகவே பாதுகாப்பின் பெயரால் தடுக்க வேண்டியதைத் தடுக்கக் கிடைப்பது, கோப்பு உங்கள் மேசையில் இருக்கும் அந்த மூன்று மாதம்தான்.

எதை வைத்துத் தடுப்பது என்பதில் இப்போது குழப்பம் இருக்கத் தேவையில்லை. தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் உத்தரவைத் தொடர்ந்து, மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2020 ஜனவரி 7 அன்று வழிகாட்டுதல்களை வெளியிட்டது. பள்ளி, பத்துப் படுக்கைக்குக் குறையாத மருத்துவமனை, உள்ளூர்ச் சட்டப்படி குடியிருப்பு என்று வகைப்படுத்தப்பட்ட பகுதி ஆகிய மூன்றிலிருந்தும் 50 மீட்டர் தூரத்துக்குள் புதிய பங்க் அமையக் கூடாது என்று அவை சொல்கின்றன. நிரப்பு வாய், பெட்ரோல் போடும் இயந்திரம், ஆவி வெளியேறும் வென்ட் பைப் ஆகியவற்றில் எது அருகில் இருக்கிறதோ அதிலிருந்து நேர்க்கோட்டில் அளக்க வேண்டும். 50 மீட்டர் விட முடியாத நெருக்கடி இருந்தால் பெசோ சொல்லும் கூடுதல் பாதுகாப்பு ஏற்பாடுகளைச் செய்ய வேண்டும். எந்த நிலையிலும் 30 மீட்டருக்குக் கீழே போகக் கூடாது. பங்குக்கு மேலே உயர் மின்னழுத்தக் கம்பி செல்லவே கூடாது.

இந்த வரிகளைச் சேர்த்துப் படித்தால் 50 மீட்டர்தான் விதி, 30 மீட்டர் விதிவிலக்கு என்பது தெளிவாகிறது. ஆனால் விண்ணப்பதாரர்கள் தரப்பில் 30 மீட்டரே விதி என்பதுபோலத்தான் வாதம் வைக்கப்படுகிறது. 32 மீட்டர் இருக்கிறது, எனவே சரி என்பார்கள். அது சரியாகாது. 32 மீட்டர் என்றால் 18 மீட்டர் குறைகிறது. அந்தக் குறைக்கு என்ன நெருக்கடி காரணம், அதை ஈடுசெய்ய என்ன ஏற்பாடு என்ற இரண்டு கேள்விகளுக்கும் கோப்பில் எழுத்து மூலம் பதில் இருக்க வேண்டும். விண்ணப்பதாரருக்குச் சொந்தமான அல்லது குத்தகைக்குக் கிடைத்த நிலம் அங்கேதான் இருக்கிறது என்பதை நெருக்கடியாக ஏற்க முடியாது. நிலம் தேடுவது அவருடைய வேலை. சாலை ஓரத்தில் 35 மீட்டர் அகலமும் 35 மீட்டர் ஆழமும் உள்ள மனையில், தொட்டியையும் வென்ட் பைப்பையும் பள்ளிப் பக்கத்து மூலையிலிருந்து எதிர் மூலைக்கு மாற்றினாலே இருபது மீட்டருக்கு மேல் கிடைத்துவிடும். வரைபடத்தைத் திருத்திக் கொண்டு வாருங்கள் என்று நீங்கள் சொன்னால் திருத்துவார்கள். யாரும் சொல்லாவிட்டால் எது மலிவோ அதுதான் நடக்கும்.

ஐம்பது மீட்டர் ஏன் என்று கேட்பவர்கள், டேங்கர் லாரி சரக்கு இறக்கும் நேரத்தில் ஒருமுறை போய் நின்று பார்க்க வேண்டும். என்ஜினை அணைத்து, எர்த் கம்பியை மாட்டி, தீயணைப்பான்களைப் பக்கத்தில் எடுத்து வைத்து, டிப் ராடு விட்டுத் தொட்டியின் இருப்பைப் பார்த்த பிறகுதான் குழாயை நிரப்பு வாயில் பொருத்துகிறார்கள். பன்னிரண்டாயிரம் லிட்டர் பெட்ரோல் உள்ளே இறங்கினால், தொட்டிக்குள் இருந்த ஏறக்குறைய அதே கன அளவு ஆவியும் காற்றும் வெளியேறியாக வேண்டும். ஆவியை மீட்கும் கருவி இருந்தால் அது லாரிக்கே திரும்பும். இல்லையென்றால் வென்ட் பைப் வழியாகத் தெருக் காற்றில் கலக்கும். பெட்ரோல் ஆவி காற்றைவிட மூன்று நான்கு மடங்கு கனமானது. காற்றில்லாத நாளில் அது மேலே போகாமல் கீழே இறங்கி, தரையோடு தரையாகப் பரவிப் பள்ளத்திலும் சாக்கடையிலும் தேங்கும். காற்றில் சுமார் ஒன்றரை சதவீதம் கலந்தாலே ஒரு பொறியில் பற்றிக்கொள்ளும். மைனஸ் 40 டிகிரி செல்சியஸ் குளிரிலேயே தீப்பிடிக்கும் அளவுக்கு ஆவி தரும் திரவம் அது. நம் ஊர் வெயிலில் என்ன ஆகும் என்பதை விளக்க வேண்டியதில்லை. இன்னொன்றையும் கவனியுங்கள். ஆவியை மீட்கும் கருவி எல்லாப் பங்குகளுக்கும் கட்டாயமில்லை. ஒரு லட்சத்துக்கு மேல் மக்கள்தொகை உள்ள நகரங்களில், விற்பனை குறிப்பிட்ட அளவைத் தாண்டும் இடங்களுக்குத்தான் கட்டாயம். கிராமத்துச் சாலையில் ஊராட்சி ஒன்றியப் பள்ளிக்கு எதிரே வரும் சின்னப் பங்குக்கு அந்தக் கருவி இருக்காது. அங்கே பிள்ளைகளுக்கும் ஆவிக்கும் நடுவே இருப்பது தூரம் ஒன்றுதான்.

தீப்பிடிக்காவிட்டாலும் ஆவி ஆவிதான். பெட்ரோலில் பென்சீன் இருக்கிறது. பாரத் ஸ்டேஜ் 6 தரப்படி அதிகபட்சம் ஒரு சதவீதம். பென்சீன் மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்கும் பொருள் என்பதில் உலகச் சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமைக்கு ஐயமில்லை. முதல் வகைப் பட்டியலில் வைத்திருக்கிறது. பங்குக்கு வண்டியோடு வருகிறவர் ஐந்து நிமிடத்தில் போய்விடுவார். பக்கத்து வகுப்பறையில் உட்கார்ந்திருக்கும் குழந்தை முதல் வகுப்பிலிருந்து எட்டாம் வகுப்புவரை அங்கேயே இருக்கும்.

நம்முடைய மற்றச் சட்டங்கள் பள்ளிக்கூடத்துக்கு எவ்வளவு தூரம் ஒதுக்குகின்றன என்று பாருங்கள். பள்ளியிலிருந்து 100 கெஜத்துக்குள் பீடி, சிகரெட் விற்கக் கூடாது என்கிறது 2003ஆம் ஆண்டின் புகையிலைச் சட்டம். அதே ஆண்டின் தமிழ்நாடு மதுபானச் சில்லறை விற்பனை விதிகள், மாநகராட்சி, நகராட்சிப் பகுதிகளில் 50 மீட்டரும் மற்ற இடங்களில் 100 மீட்டரும் தள்ளித்தான் மதுக்கடை இருக்க வேண்டும் என்கின்றன. நெடுஞ்சாலைப் பொறியாளர்களின் நெறிமுறையோ, ஊரகப் பகுதியில் பெரிய சாலைச் சந்திப்பிலிருந்து 300 மீட்டர் தள்ளிப் பங்க் அமைக்கச் சொல்கிறது. வண்டிகள் மோதிக்கொள்ளாமல் இருப்பதற்காக. இவற்றோடு பார்த்தால், பள்ளிக்கும் பெட்ரோல் தொட்டிக்கும் இடையே கேட்கப்படும் 50 மீட்டர் மிகச் சிறிய கோரிக்கை. அதையும் 30 ஆக்குவதற்கு அரசு அலுவலர் ஒருவர் கையெழுத்திட்டால், அந்தக் கையெழுத்துக்கு வலுவான காரணம் இருக்க வேண்டும்.

எதிர்வாதங்கள் உங்களிடம் வரும். அவற்றில் சில நேர்மையானவை என்பதால் பதில் சொல்லியாக வேண்டும். பங்குகளில் விபத்தே அரிது, தொழில்நுட்பம் வளர்ந்துவிட்டது என்பது முதல் வாதம். அரிது என்பது உண்மை. பயிற்சி பெற்ற ஊழியர்களும் நல்ல கருவிகளும் அதற்குக் காரணம் என்பதையும் மறுக்கவில்லை. ஆனால் பங்கின் ஆபத்து அதற்குள்ளே நடக்கும் தவறோடு முடிவதில்லை. வெளியிலிருந்து வரும் எந்த விபத்தையும் அது பெரிதாக்கிவிடும். 2024 மே 13 அன்று மும்பை காட்கோபரில் சூறைக்காற்றில் ராட்சத விளம்பரப் பலகை ஒன்று பெட்ரோல் பங்க் மீது சரிந்தது. 17 பேர் இறந்தார்கள். பங்க் வெடிக்கவில்லை. ஆனாலும் கீழே எரிபொருள் தொட்டிகள் இருந்ததால், இரும்பை அறுக்கும் கேஸ் கட்டரை மீட்புப் படையினரால் எடுத்தவுடன் பயன்படுத்த முடியவில்லை. இடிபாட்டுக்குள் ஆட்கள் சிக்கியிருக்க, தீப்பொறிக்குப் பயந்து மீட்புப் பணி தாமதப்பட்டது. அந்தப் பலகை 120 அடிக்கு 120 அடி. மாநகராட்சியின் வரம்பு 40 அடிக்கு 40 அடி. நிலம் ரயில்வே காவல் துறையிடம் இருந்தது, எங்களிடம் அனுமதி வாங்கவில்லை என்றது மாநகராட்சி. அனுமதி பல கைகளில் பிரிந்து கிடந்தால், மொத்த இடத்தையும் ஒருவர்கூடப் பார்ப்பதில்லை. 2015 ஜூன் 3 அன்று கானா நாட்டின் தலைநகர் அக்ராவில் நடந்தது இதைவிடக் கொடியது. கனமழைக்குப் பங்கில் ஒதுங்கியவர்களைச் சுற்றி வெள்ளம் சூழ்ந்தது. கசிந்த எரிபொருள் வெள்ளத்தின் மேல் பரவிப் பற்றிக்கொண்டது. இறந்தவர்கள் 150 பேருக்கும் மேல். அதே 2015இன் இறுதியில் சென்னை மூழ்கியதைப் பார்த்தவர்களுக்கு, தாழ்ந்த இடத்தில் பங்குக்குச் சான்று கொடுப்பது எவ்வளவு பெரிய முடிவு என்று தெரியும்.

தொழில்நுட்ப ஆய்வு பெசோவின் வேலை, எங்களுக்கு என்ன தெரியும் என்று உங்கள் அலுவலகத்தில் ஒரு பேச்சு எழலாம். தொட்டிக்கும் சுவருக்கும் எவ்வளவு இடைவெளி, வென்ட் பைப் எவ்வளவு உயரம், மின் இணைப்பு எந்த வகை என்பதெல்லாம் பெசோவின் வேலைதான். அவை பங்கின் வேலிக்கு உள்ளே இருப்பவை. வேலிக்கு வெளியே பிரசவ மருத்துவமனை இருக்கிறதா, சத்துணவுக் கூடத்தில் அடுப்பு எரிகிறதா, மழைக்காலத்தில் ஏரித் தண்ணீர் எந்த வழியாக வடிகிறது என்பது நாக்பூரில் இருப்பவருக்குத் தெரியாது. உங்கள் கிராம நிர்வாக அலுவலருக்குத் தெரியும்.

இரண்டாவது வாதம் இன்னும் கனமானது. கிராமத்தில் பங்க் இல்லாவிட்டால் பெட்டிக்கடையில் தண்ணீர் பாட்டிலில் பெட்ரோல் விற்பார்கள், அது இதைவிட ஆபத்து என்கிறார்கள். முழுக்க உண்மை. டிராக்டருக்கு டீசல் போட இருபது கிலோமீட்டர் போக வேண்டிய விவசாயியின் கஷ்டமும் உண்மை. ஆனால் தூர வரம்பு பங்குகளின் எண்ணிக்கையைக் குறைப்பதில்லை, இடத்தைத்தான் மாற்றுகிறது. 2015இல் நாடு முழுவதும் ஐம்பதாயிரம் அளவில் இருந்த பங்குகள் பத்தே ஆண்டில் ஒரு லட்சத்தைத் தொட்டிருக்கின்றன. வழிகாட்டுதல் வந்த பிறகும் வளர்ச்சி நிற்கவில்லை. பள்ளிக்கு எதிரே வேண்டாம் என்றால் அதே சாலையில் இருநூறு மீட்டர் தள்ளி வரட்டும். வண்டியில் போகிறவருக்கு அது சில விநாடி.

நகரத்தில் பழைய பங்குகள் எல்லாம் வீடுகளுக்கு நடுவேதானே இருக்கின்றன, அவற்றை விட்டுவிட்டுப் புதியவரை மட்டும் வதைப்பதா என்றும் கேட்பார்கள். பழையவை ஊர் விரியும் முன்பே வந்தவை. அவற்றுக்கு ஆவி மீட்புக் கருவியும், கசிவுச் சோதனையும், கூடுதல் தடுப்புச் சுவரும்தான் வழி. பழைய நெருக்கடி இருக்கிறது என்பதற்காகப் புதிதாக ஒன்றை உண்டாக்க வேண்டியதில்லை.

மூன்றாவது வாதத்தை நீங்கள் அனுபவத்தில் அறிந்திருப்பீர்கள். ஆட்சேபணை மனுக்களில் பல, பக்கத்துப் பங்குக்காரர் தூண்டிவிட்டவை. மக்களின் பாதுகாப்பு என்று சொல்லித் தங்கள் வியாபாரத்தைக் காத்துக்கொள்கிறார்கள். வியாபாரப் போட்டியாளர் என்ற தகுதியில் மட்டும் ஒருவர் இன்னொருவருடைய தடையில்லாச் சான்றை எதிர்த்து வழக்காட முடியாது என்பதை, திரையரங்கு வழக்கொன்றில் 1970களிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் மனு கொடுத்தவரின் நோக்கம் எதுவானாலும், மனுவில் உள்ள தூரம் மெய்யா பொய்யா என்பது டேப்பில் தெரிந்துவிடும். ஊர் முன்னிலையில் அளந்து, கணக்கை வெளிப்படையாக வைத்தால் போட்டியாளருக்குப் பேச ஒன்றும் இருக்காது. அலுவலகத்துக்குள்ளேயே முடிந்துபோகும் அளவைதான் அவருக்கு வசதி.

இதைவிடச் சிக்கலான இடம் ஒன்று உண்டு. உள்ளூர்ச் சட்டப்படி வகைப்படுத்தப்பட்ட குடியிருப்புப் பகுதி என்ற தொடர். முழுமைத் திட்டம் உள்ள நகரத்தில் எது குடியிருப்பு மண்டலம் என்று வரைபடம் சொல்லிவிடும். திட்டமே இல்லாத ஊராட்சியில், தலைமுறைகளாக வாழும் நாற்பது வீட்டுத் தெருவும் எந்த வரைபடத்திலும் குடியிருப்பு என்று குறிக்கப்படாமல் இருக்கலாம். நீதிமன்றங்களில் இந்தத் தொடரைச் சுற்றி வாதங்கள் நடந்திருக்கின்றன. ஆனால் உங்களுடைய விசாரணை அந்தத் தொடரோடு முடிய வேண்டியதில்லை. நத்தம் நிலப் பதிவேடு உங்களிடம் இருக்கிறது. வீட்டு வரி ரசீது ஊராட்சியில் இருக்கிறது. வாக்காளர் பட்டியல் இருக்கிறது. வரி வாங்கும்போது வீடாகத் தெரிந்தது, பாதுகாப்பு என்று வரும்போது வெறும் சர்வே எண்ணாகத் தெரியக் கூடாது. வகைப்படுத்தப்படாத தெருவுக்கும் அதே 50 மீட்டரை ஓர் அளவுகோலாக வைத்துப் பார்ப்பதை எந்த விதியும் தடுக்கவில்லை. பொதுமக்கள் பாதுகாப்பைக் கருதி விசாரிக்கத்தான் 144ஆம் விதி உங்களை நியமித்திருக்கிறது.

2004 ஜூலை 16 அன்று கும்பகோணத்தில் 94 குழந்தைகளைத் தீக்குக் கொடுத்தவர்கள் நாம். கட்டட உறுதிச் சான்றும் தீயணைப்புத் துறைச் சான்றும் இல்லாமல் பள்ளிக்கு அங்கீகாரம் இல்லை என்ற கண்டிப்பு அதற்குப் பிறகுதான் வந்தது. அந்தக் கண்டிப்பு பள்ளியின் சுற்றுச்சுவரோடு நின்றுவிடுகிறது. சுவருக்கு அடுத்த பக்கம் என்ன வருகிறது என்பதைக் கல்வித் துறை கேட்பதில்லை. இயங்கிக்கொண்டிருக்கும் பங்குக்குப் பக்கத்தில் புதிதாக நர்சரிப் பள்ளி வந்தாலும் இதே கதைதான். வரம்பு ஒரு திசையில் மட்டும் வேலை செய்தால் பயனில்லை. உங்கள் மாவட்டத்தில் உள்ள ஒவ்வொரு பங்கின் இடமும் குறிக்கப்பட்ட வரைபடம் முதன்மைக் கல்வி அலுவலரிடமும், மருத்துவப் பணிகள் இணை இயக்குநரிடமும், நகர ஊரமைப்பு அலுவலகத்திலும் இருந்தால், பள்ளிக்கோ மருத்துவமனைக்கோ அனுமதி கொடுக்கும்போது அவர்களும் அளந்து பார்ப்பார்கள்.

உங்களிடம் கேட்பது இவைதான். விண்ணப்பம் வந்ததும் ஊராட்சி அலுவலகத்திலும் பக்கத்துப் பள்ளியிலும் அறிவிப்பு ஒட்டுங்கள். சர்வேயர் அளக்கும் நாளைத் தலைமையாசிரியருக்கும் ஊர்மக்களுக்கும் முன்கூட்டியே சொல்லுங்கள். பள்ளிக்கு அளக்கும்போது வகுப்பறைச் சுவர்வரை அல்லாமல் விளையாட்டு மைதானத்தின் எல்லைவரை அளக்கச் சொல்லுங்கள். பிள்ளைகள் வகுப்பில் மட்டும் இருப்பதில்லை. வெள்ளம் தேங்கும் இடமா என்று நீர்வளத் துறையிடம் கேளுங்கள். 50 மீட்டருக்குக் குறைவான எந்த இடத்துக்கும் சான்று கொடுக்கும் நிலை வந்தால், காரணத்தையும் கூடுதல் ஏற்பாடுகளையும் ஆணையிலேயே எழுதி, அளவை வரைபடத்தோடு மாவட்ட இணையதளத்தில் வெளியிடுங்கள். அந்தக் காரணத்தை எழுத முடியவில்லை என்றால், மறுப்பு ஆணை பிறப்பியுங்கள். அந்த அதிகாரத்தைச் சட்டம் உங்களுக்குக் கொடுத்திருக்கிறது. தயங்காமல் பயன்படுத்துங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன்.